மெய்ப்பெயரும் மந்திரமொழியும்

சொல்லுக்கு ஆற்றல் உண்டு என்னும் நம்பிக்கை மாந்தரினத்திற்குப் பொதுவானது. முற்றும் உணர்ந்தோர் தம் ஆணையாகக் கூறும் மறைபொருட் சொல்லே மந்திரம் என்று செய்யுளியலில் இலக்கணம் வகுத்தார் தொல்காப்பியர். இந்நம்பிக்கையையே அடிநிலையாகக் கொண்டு அமெரிக்க எழுத்தாளர் உர்சுலா லெ குவின் ஒரு கற்பனை உலகைப் படைத்தார். 1964-இல் வெளியான இரு சிறுகதைகளில் தோன்றி, 1968-இல் வந்த 'எர்த்சீயின் மந்திரவாதி' என்னும் நாவலில் முழுவுருப் பெற்ற தீவுக்கூட்டம் அது. நம் வீட்டுப் பிள்ளைகள் இத்தகைய நூல்களை ஆங்கிலத்தில் விரும்பிப் படிக்கின்றனர். ஆகவே அத்தீவுகளின் தொன்மொழியையும் அதனருகே வைத்து எண்ணத்தக்க உண்மை வரலாறு ஒன்றையும் ஈண்டு எடுத்துரைக்க விழைகின்றோம்.

கற்பனை மொழி என்றவுடன் ஆக்ஸ்போர்டுப் பேராசிரியர் டோல்கீன் நினைவுக்கு வருவார். அவர் மொழிகளை முதலிற் படைத்தார். ஃபின்னிய மொழியின் ஒலியழகில் தோய்ந்து ஒன்றும், வெல்ஷ் மொழியின் சாயலில் மற்றொன்றுமாக இலக்கணத்தோடு அமைத்து, அவை வழங்குவதற்கென்றே ஓர் உலகை எழுப்பினார். லெ குவின் அவ்வழியிற் சென்றாரல்லர். அவருடைய தொன்மொழியில் நமக்குக் கிடைப்பவை சில சொற்களே. ஆயினும், மொழி என்பது உலகில் என்ன செய்கிறது என்னும் வினாவில் அவரே ஆழமாகச் சென்றார் என்பது நம் கருத்து.

சேகாய் என்னும் முதல்வன் தொன்மொழியில் பெயர் சொல்ல, தீவுகள் கடலினின்றும் எழுந்தன என்பது அவ்வுலகின் படைப்புக் கதை. கல்லுக்கும் பருந்துக்கும் மனிதனுக்கும் அம்மொழியில் ஒவ்வொரு மெய்ப்பெயர் உண்டு. அதனை அறிந்தவன் அப்பொருளை ஏவுவான். ரோக் தீவின் மந்திரப் பள்ளியில் மாணாக்கர் தனித்ததொரு கோபுரத்தில் அமர்ந்து பெயர்ப்பட்டியல்களை மனப்பாடம் செய்கின்றனர். நிகண்டு உருப்போட்ட நம் முன்னோரை இப்பகுதி நினைவூட்டுகிறது. நுரையை அத்தீவினரின் வழக்குமொழி 'சுகியென்' என்கிறது. 'கடலின் இறகு' என்பது பொருள். நன்னூல் கற்றோர் இதனைக் காரணப்பெயர் என்பர். அழகிய பெயர்தான், எனினும் அதனைச் சொல்லி நுரையை ஏவ முடியாது. தொன்மொழியில் அதன் பெயர் 'எஸ்ஸா'. இதனை இடுகுறி என்று ஒதுக்கவும் இயலாது. எவரும் இட்ட குறியன்று அது. அங்கே பொருளும் பெயரும் ஒன்றே. கடல் முழுவதையும் ஆள விரும்புவோன் ஒவ்வொரு துளியின் பெயரையும் அறிதல் வேண்டும் என்பதால், மந்திரவாதியின் ஆற்றலுக்கு எல்லையும் ஏற்பட்டுவிடுகிறது. மனிதர் அம்மொழியிற் பொய்யுரைக்க இயலாது. அதனைத் தாய்மொழியாகக் கொண்ட பறவைநாகங்கள் மட்டும் உண்மையைத் திரித்துப் பேச வல்லவை!

மெய்ப்பெயர் அறிந்தோன் உயிரையே பிடித்தவனாகின்றான். ஆதலின் அங்கே ஒவ்வொருவரும் தம் மெய்ப்பெயரை மறைத்து, ஊரார் அழைப்பதற்கு வேறு பெயர் கொள்கின்றனர். கதைத்தலைவனாகிய கெட் பேரிழப்புற்று நம்பிக்கை குன்றிய வேளையில், அவன் தோழன் தன் மெய்ப்பெயரை அவனிடம் சொல்கின்றான். நூல் முழுவதிலும் இதனினும் உயர்ந்த ஈகை வேறில்லை. வடபுலத்து அலுவலகங்களில் பணியாற்றும் நம்மிற் பலருக்குத் தந்தையார் பெயரே குடும்பப் பெயராகிப் பதிவேட்டில் ஏறிவிடுகிறது. வீட்டார் அழைக்கும் பெயரை அங்கே எவரும் அறியார். இரு பெயரோடு வாழ்தல் நமக்கும் பழக்கமானதே.

இனி வரலாற்றுக்கு வருவோம். லெ குவின் 1929-இல் பிறந்தவர். மானிடவியல் அறிஞர் ஆல்ஃபிரட் குரோபரின் மகள். அவர் பிறப்பதற்கு 18 ஆண்டுகள் முன்னர், 1911 ஆகஸ்டில், கலிபோர்னியாவின் ஓரோவில் ஊரருகே ஓர் இறைச்சிக் கொட்டிலில் பசியால் நலிந்த மனிதர் ஒருவர் பிடிபட்டார். பொன் தேடி வந்த குடியேறிகளின் படுகொலைகளால் அழிந்த யாஹி இனத்தின் கடைசி மனிதர் அவர். அவர் பேசியது எவருக்கும் விளங்கவில்லை. குரோபரின் உடன்பணியாளர் வாட்டர்மேன் சிறைக்குச் சென்று, உறவுமொழியாகிய யானாவின் சொற்பட்டியலை ஒவ்வொன்றாகப் படித்தார். பல சொற்கள் வீணாயின. 'சிவினி' என்று கூறிப் பைன் மரத்தாலாகிய கட்டிற் சட்டத்தைத் தட்டியபோது, அம்மனிதரின் முகம் மலர்ந்தது. சிவினி என்பது பைன் மரத்தின் பெயர். ஒரு சரியான சொல் அடைத்த கதவைத் திறந்தது. கதையில் அன்று, சிறைக்கூடத்தில்.

செய்தியாளர்கள் அவருடைய பெயரைக் கேட்டு நச்சரித்தனர். தன் பெயரைத் தானே உரைத்தல் அவருடைய மரபில் இல்லை. அவர் பெயரைச் சொல்லுதற்குரிய சுற்றத்தாரோ ஒருவரும் எஞ்சவில்லை. எனவே குரோபர் அவரை 'இஷி' என்றழைத்தார். யானா மொழியில் 'மனிதன்' என்பதே அதன் பொருள். சான் பிரான்சிஸ்கோ அருங்காட்சியகத்தில் வாழ்ந்து, தம் மொழியையும் கதைகளையும் பதிவுருளைகளில் விட்டு, 1916 மார்ச்சில் காசநோயால் மறைந்தார் இஷி. தம் பெயரை அவர் சொல்லவேயில்லை.

லெ குவினின் அன்னை தியோடோரா இவ்வரலாற்றை 1961-இல் நூலாக்கினார். மூன்றாண்டுகளில் மகளின் மெய்ப்பெயர்க் கதைகள் தோன்றின. ஒன்றினின்றும் மற்றொன்று பிறந்தது என்று வழக்காட நாம் முற்படவில்லை. இரண்டையும் அடுத்தடுத்துப் படிப்போர்க்கு வேறு சான்று வேண்டியிராது.

குரோபரின் மறுப்பையும் மீறி இஷியின் உடல் அறுத்து ஆராயப்பட்டது. அகற்றப்பட்ட மூளையை ஸ்மித்சோனியன் நிறுவனத்திற்கு அனுப்பியவரும் அதே குரோபரே. இம்முரண்பாட்டை நம்மால் எளிதில் மன்னிக்க இயலவில்லை. 2000-ஆம் ஆண்டில் அது யானா வழிவந்த பழங்குடியினரிடம் ஒப்படைக்கப்பட்டது. அவர்கள் இஷியின் சாம்பலோடு அதனைச் சேர்த்து, அவருடைய மண்ணிலேயே அடக்கம் செய்தனர். எவ்விடத்தில் என்று அவர்கள் வெளியிடவில்லை.