ஸ்லாவா – 4: பச்சை குத்திய கை

சென்ற வாரம், மாஸ்கோ திரைப்படக் கல்லூரித் தாழ்வாரத்தில் ஒரு பையனைக் கண்ணீரோடு நிற்க விட்டிருந்தோம். தேறியவர்கள் பட்டியலில் அவன் பெயர் இல்லை. பேராசிரியர் போரிஸ் பிபிகோவ் அவன் முகத்தைப் பார்த்தார். தன் வகுப்பில் சேர்த்துக்கொண்டார். வியாசெஸ்லாவ் டிகோனவின் ஏறக்குறைய அறுபது ஆண்டு நடிப்பு வாழ்க்கை அங்கேதான் தொடங்கியது.

பிபிகோவ் பார்த்தது முகத்தை. கேமரா கையையும் பார்க்குமே!

பூப்போட்ட கம்பளிச் சால்வைகளுக்குப் பேர்போன பாவ்லோவ்ஸ்கி பொசாத்தில் 1928இல் பிறந்தவன். போர் வந்ததும் தொழிற்பயிற்சிக்குப் போய், விடலைப் பருவத்திலேயே ராணுவத் தொழிற்சாலையின் லேத் முன்னால் நின்றான். அந்த வயதின் துடுக்குத்தனத்தில் கையில் பச்சை குத்திக்கொண்டான்: ‘ஸ்லாவா’. வீட்டில் கூப்பிடும் பெயர். ருஷ்ய மொழியில் அதற்குப் ‘புகழ்’ என்றும் பொருள். பையன் நடிகனான பிறகும் அந்த எழுத்துகள் மட்டும் போகவில்லை.

1948இல் ‘இளம் காவலர்கள்’ படத்தில் அறிமுகம். பிறகு சில வருடங்கள் சொல்லிக்கொள்ளும்படி எதுவும் அமையவில்லை. ஸ்தனிஸ்லாவ் ரஸ்தோத்ஸ்கி அவரை டிராக்டர் ஓட்டியாக நடிக்க வைத்த ‘பென்கோவோவில் நடந்தது’ ஊரெங்கும் பேசப்பட்டது. டிராக்டர்காரன் கையில் பச்சை இருந்தால் யார் கேட்கப்போகிறார்கள்?

சிக்கல் இளவரசன் ரூபத்தில் வந்தது. ‘போரும் அமைதியும்’ படத்தில் ஆந்திரேய் பல்கோன்ஸ்கியாக நடிக்க செர்கேய் பந்தர்சூக் மனத்தில் வைத்திருந்தது ஸ்மோக்துனோவ்ஸ்கியை. அவர் ‘ஹாம்லெட்’டுக்குப் போய்விட, பாத்திரம் டிகோனவுக்கு வந்தது. லேத் பிடித்த கை இனி சீமான் வீட்டுக் கையாக வேண்டும்! படப்பிடிப்பில் மேக்கப் பூசிப் பூசி அந்த எழுத்துகளை மறைத்தார்கள். படம் ஆஸ்கர் வாங்கியது. டிகோனவுக்கோ மனநிறைவு இல்லை. நடிப்பையே விட்டுவிடலாம் என்கிற அளவுக்குச் சோர்ந்துபோனார்.

மறுபடியும் ரஸ்தோத்ஸ்கிதான் கைகொடுத்தார். 1968இல் வெளிவந்த ‘திங்கட்கிழமை வரை வாழ்வோம்’ படத்தின் வரலாற்று ஆசிரியர் மேல்னிகவ், என்னைக் கேட்டால், டிகோனவின் ஆகச்சிறந்த வேடம். பேச வேண்டிய இடத்தில் வாயை மூடிக்கொண்டு, மாணவர்களைக் கண்ணால் மட்டும் பார்ப்பார். அந்த மௌனத்தில் ஒரு மனுஷனின் களைப்பும் அன்பும் முழுசாகத் தெரியும். எத்தனை முறை பார்த்தாலும் எனக்கு நெஞ்சு கனக்கிறது.

இப்படி மௌனத்தால் பேசத் தெரிந்த நடிகர்தான் தத்யானா லியோஸ்னவாவுக்குத் தேவைப்பட்டார். அவர் கையில் இருந்தது ‘வசந்தத்தின் பதினேழு கணங்கள்’: பன்னிரண்டு பகுதித் தொலைக்காட்சித் தொடர். 1945, பெர்லின். நாஜி சீருடைக்குள் ஒளிந்திருக்கும் சோவியத் உளவாளி ஸ்டிர்லிட்ஸ்.

முகம் பொருந்தியது. சீருடை பொருந்தியது. ஆனால் ஒரு காட்சியில் ஸ்டிர்லிட்ஸ் மேசையில் உட்கார்ந்து நாஜித் தலைவர்களின் கேலிச்சித்திரங்களை வரைய வேண்டும். கேமரா விரல்களுக்கு மிக அருகே போக வேண்டும். ஜெர்மன் அதிகாரியின் கையில் ருஷ்ய எழுத்தில் ‘ஸ்லாவா’ தெரிந்தால்?

1973 ஆகஸ்ட்டில் சோவியத் வீடுகளின் திரையில் ஒரு கை பென்சிலைப் பிடித்தது. எழுத்து ஏதும் இல்லாத, சுத்தமான கை.

அது டிகோனவின் கை அல்ல. அப்படியானால் யாருடையது?

(தொடரும்)