வண்டையர் கோன் கருணாகரன்

கிரேக்க நாட்டுத் தூசிடிடீசு ஒரு படைத்தலைவர். கி.மு. 424இல் ஆம்பிபோலிசு நகரைக் காக்கத் தவறியமையால் நாடு கடத்தப்பெற்ற அவர், அயல்வாழ்வில் இருந்தவாறே ஏதென்சு, சுபார்ட்டா போரின் வரலாற்றை எழுதினார். தம் தோல்வியையும் அதில் மறைத்திலர். சோழப் பெரும்படையை நடத்திய கருணாகரத் தொண்டைமானோ தம்மைப் பற்றி எதுவும் எழுதி வைத்திலர். செயங்கொண்டாரின் கலிங்கத்துப்பரணியும் சில கற்களுமே அவருக்காகப் பேசுகின்றன.

முதற் குலோத்துங்கன் காலத்தில், கி.பி. 1110ஐ ஒட்டி, கலிங்க வேந்தன் திறை செலுத்தத் தவறினான் என்றும், கருணாகரர் படையுடன் ஏவப்பெற்றார் என்றும் பரணி கூறுகிறது. பாலாறு, பெண்ணை, கிருஷ்ணை, கோதாவரி எனப் பேராறுகள் பல கடந்து சென்றது அப்படை. கலிங்க மன்னன் ஓடி ஒளிந்தான். தொண்டைமான் களிறும் செல்வமும் கவர்ந்து மீண்டார்.

இங்கே ஓர் உண்மையை எண்ணிப் பார்த்தல் வேண்டும். குலோத்துங்கனின் தந்தை வேங்கி வேந்தன் இராசராச நரேந்திரன். தாய் இராசேந்திர சோழன் மகள் அம்மங்கை. எதிர்த்து நின்ற அனந்தவர்மன் சோடகங்கனின் தாயும் சோழ அரசமகளே. உறவினர் இருவருக்கிடையே மூண்ட போரையே தொண்டைமான் நடத்த வேண்டியிருந்தது.

பரணியை மட்டும் படிப்போர், கலிங்கம் அன்றே அழிந்தது எனக் கருதக்கூடும். ஆயின் சோடகங்கன் அதன் பின்னரும் நெடுங்காலம் ஆண்டான். பூரி செகந்நாதர் பெருங்கோயிலைத் தொடங்கியவனும் அவனே. தொண்டைமான் ஈட்டியது வெற்றி, நாடன்று. இதனால் அவர் வீரம் குறைந்துவிடாது. பாட்டின் எல்லை எது, வரலாற்றின் எல்லை எது என்பதே விளங்கும். தோற்றவர் பெயரை நூலுக்கு இடுவது பரணி மரபு. ஆதலின் அவர் வென்ற நாட்டின் பெயர் தமிழில் நிலைத்தது.

காஞ்சிபுரத்துக் கல்வெட்டொன்று வேறொரு காட்சியைத் தருகிறது. அவருடைய மனைவியார் அத்தியூர்த் திருமாலுக்கு விளக்கெரிக்கக் கொடை அளித்துள்ளார். கருணாகரரின் ஊர் சோழமண்டலத்து வண்டாழஞ்சேரி என்பதையும் அதனாலேயே அறிகிறோம். பரணி பாடாத இல்லறத்தை ஒரு விளக்குக் கொடை காட்டிவிடுகிறது!

மாரெட்பள்ளியில் வாழும் நமக்கு இவ்வரலாறு அயலானதன்று. நன்னயர் தெலுங்கில் பாரதம் பாடத் தொடங்கியது இராசராச நரேந்திரன் அவையில். அவன் மைந்தனே சோழ அரியணை ஏறினான். இரு மொழியினரின் உறவு படை நடந்த பாதையில் மட்டும் அமைந்ததன்று. மணத்தாலும் கவிதையாலும் அமைந்தது. நம் மக்களுக்குப் பரணியைக் கற்பிக்கும்போது இப்பக்கத்தையும் சேர்த்தே கற்பிப்போமாக.