சாங்கிப் பீரங்கிகள் திசைமாறி நின்றனவா?

சிங்கப்பூரின் பெரும் பீரங்கிகள் கடலையே நோக்கி நின்றன. பகைவர் நிலவழியே வந்தமையால் அவை பயன்படாதொழிந்தன என்னும் கூற்று நெடுங்காலமாக வழங்கி வருகின்றது. மலாயாவில் உத்தியோகம் பார்த்த நம்மவர் பலரின் வாழ்வையும் நிலைகுலையச் செய்த அவ்வீழ்ச்சிக்கு இஃது ஏற்ற விளக்கமாகுமா என ஆராய்தல் தகும்.

ஆங்கில யப்பானிய நட்புடன்படிக்கை 1923இல் முடிவுற்றபின், பிரித்தானியர் சிங்கப்பூரின் வடகரையில் கடற்படைத் தளமொன்றை அமைத்தனர். போர் மூளின் ஐரோப்பாவிலிருந்து பெருங்கப்பற்படை வந்து சேரும். அதுவரை கரையோரப் பீரங்கிகள் தீவைக் காக்கும் என்பதே அவர்தம் திட்டம். 1935இல் ஐந்தாம் ஜோர்ஜ் மன்னரின் வெள்ளி விழாவுக்கு ஜொகூர் சுல்தான் இப்ராகிம் 5 இலட்சம் பவுண் வழங்கினார். அந்நன்கொடையின் நினைவாகச் சாங்கியில் எழுந்த பீரங்கித்தளம் 'ஜொகூர்' என்னும் பெயர் பெற்றது. அங்கு நிறுவப்பட்ட மூன்று பீரங்கிகளின் வாய்விட்டம் 15 அங்குலம். குண்டு ஒவ்வொன்றும் 800 கிலோகிராமுக்கு மேற்பட்ட நிறையுடையது. நிலத்தடியே வெடிமருந்து அறைகளும் சுரங்கப் பாதைகளும் இருந்தன.

1941 டிசெம்பர் 8இல் யப்பானியர் கோத்தா பாருவில் இறங்கினர். இரு நாட்களில் பிரித்தானியரின் இரு பெரும் போர்க்கப்பல்கள் விமானத் தாக்குதலால் மூழ்கின. 1942 பெப்ருவரி 8ஆம் நாளிரவு யப்பானியப் படை ஜொகூர் நீரிணையைக் கடந்தது. அப்போது சாங்கிப் பீரங்கிகளுள் இரண்டு நிலப்புறம் திரும்பிச் சுட்டன என்பதே உண்மை. ஆனால், இருந்த குண்டுகளுட் பெரும்பாலானவை கப்பலின் எஃகுக் கவசத்தைத் துளைப்பதற்கென ஆக்கப்பட்டவை. அவை மண்ணில் ஆழப் புதைந்தே வெடித்தமையாற் காலாட்படைக்குப் பெருஞ்சேதம் விளையவில்லை. பெப்ருவரி 15இல் தளபதி பேர்சிவல் சரணடையுமுன், பிரித்தானியர் தம் பீரங்கிகளைத் தாமே தகர்த்தனர். போரின்பின் அவை பழைய இரும்பாயின, சுரங்கங்களும் மூடப்பட்டன. 1991இல் அவை மீளக் கண்டுபிடிக்கப்பட்டன. இன்று அவ்விடத்தில் நிற்பது மாதிரிப் பீரங்கியே.

எனவே, குறை பீரங்கி நின்ற திசையிலன்று. பகைவர் கடல்வழியே வருவர், கப்பற்படையும் காலத்தில் வந்துதவும் என்ற துணிபிலேயே இருந்தது. விமானப்படையின் வலிமைக் குறைவும் அதனோடு சேர்ந்தது. பீரங்கியின்மேற் பழிசுமத்துவது எளிது. அதனால், திட்டமிட்டோரின் பிழை மறைந்துவிடுகின்றது. சுருங்கச் சொல்லி மனத்திற் பதியும் கூற்றுக்களையே சான்றுகொண்டு முதலில் ஆராய்தல் வரலாற்று மாணவரின் கடனாகும்.