டிசெம்பர் ஐந்தாந் திகதி

ஒரே திகதியில் வெவ்வேறு ஆண்டுகளில் நிகழ்ந்தவற்றைத் தேடித் தொகுப்பது சரித்திர மாணவருக்கு இனிய பொழுதுபோக்கு. பெரும்பாலோர் தத்தம் பிறந்தநாளில் தொடங்குவர். நாம் தெரிந்தெடுத்தது டிசெம்பர் 5. காரணத்தை யாழ்ப்பாணத்துச் சைவ இளைஞருக்குச் சொல்ல வேண்டுவதில்லை. 1879ஆம் ஆண்டு அத்திகதியிலேதான் ஸ்ரீலஸ்ரீ ஆறுமுக நாவலர் சிவபதமடைந்தார்.

ஆனால், எடுத்த எடுப்பிலேயே ஓர் இடர்ப்பாடு. அன்று பிரமாதி வருடம், கார்த்திகை மாதம் 21ஆம் நாள், வெள்ளிக்கிழமை, மக நட்சத்திரம். குருபூசை நடைபெறுவது கார்த்திகை மகத்தில். ஆதலின் அது ஓராண்டு நவம்பர் பிற்பகுதியில் வரும். மற்றோராண்டு டிசெம்பர் நடுப்பகுதியில் வரும். கார்த்திகை 21ஐக் கொள்வோமென்றால் அதுவும் ஒத்துவராது. பஞ்சாங்க ஆண்டு ஆங்கில ஆண்டினும் சிறிது நீண்டதாகலின், இக்காலத்தில் அந்நாள் டிசெம்பர் 6 அல்லது 7 ஆகிவிட்டது. போதாக்குறைக்கு, நம்மூரவர் ஜனவரியைத் தை என்றும் டிசெம்பரை மார்கழி என்றும் வழங்குவதால், இத்திகதி 'மார்கழி 5' என்றும் எழுதப்படுவதுண்டு. உண்மையான மார்கழி பிறக்க அப்போது இன்னும் பத்து நாளிருக்கும்!

மேனாட்டார் திகதிகளிலும் இந்தக் குழப்பம் உண்டு. 1492 டிசெம்பர் 5இல் கொலம்பஸ் இஸ்பானியோலாத் தீவை அடைந்தாரென்று புத்தகங்கள் கூறும். அது பழைய யூலியன் கணக்கு. இன்று வழங்கும் கணக்கில் டிசெம்பர் 14 ஆகும். ஆகவே கொலம்பசை நம் பட்டியலிலிருந்து விலக்கினோம். 1791இல் வியன்னாவில் 35 வயதிலே மறைந்த இசைமேதை மொட்ஸார்ட்டுக்கு அத்தகைய தடையில்லை.

நாவலரிடம் மீள்வோம். மிசன் பாடசாலையிற் படித்தவர்களாகிய நமக்கு அவரிடம் ஒரு தனி உறவு உண்டு. நல்லூரில் 1822 டிசெம்பர் 18இல் பிறந்த அவர் யாழ்ப்பாணம் வெஸ்லியன் மிசன் பாடசாலையிற் கற்று, அங்கேயே ஆசிரியராகி, பேர்சிவல் பாதிரியாரின் விவிலிய மொழிபெயர்ப்புக்கு உதவியவர். 1848இல் வண்ணார்பண்ணையிலே சைவப்பிரகாச வித்தியாசாலையைத் தொடங்கினார். வகுப்பு, பாடப்புத்தகம், அச்சியந்திரம், பிரசங்கம் என்று மிசனரிமார் கையாண்ட கருவிகளையெல்லாம் அவர் சைவத்துக்காக எடுத்தாண்டார். 1852இல் பெரியபுராணத்தை வசனமாக்கி அச்சிட்டார். 1872இல் சைவாங்கில வித்தியாசாலையையும் நிறுவினார். பொருள் முட்டுப்பாட்டினால் அது சில ஆண்டுகளில் மூடப்பட்டது. இதைச் சொல்வோர் குறைவு. அவர் வாழ்ந்த காலத்தில் எல்லாமே அவருக்குக் கைகூடின என்று நாம் மேடைகளிற் பேசிப் பழகிவிட்டோம்.

ஐம்பத்தேழு வயது நிறையப் பதின்மூன்று நாட்களே இருக்கையில் அவர் மறைந்தார். அதற்கு இரண்டொரு ஆண்டுகளுக்கு முன், பஞ்சமும் பிணியும் குடாநாட்டை வாட்டியபோது, வண்ணார்பண்ணையிற் கஞ்சித்தொட்டி வைத்து மாதக்கணக்காக ஏழைகளுக்குக் கஞ்சி வார்த்தார். 1985ஆம் ஆண்டு ஐக்கிய நாடுகள் பொதுச்சபை டிசெம்பர் 5ஐச் சர்வதேசத் தொண்டர் தினமாக்கியது. நியூயோர்க்கிலே அத்தீர்மானத்துக்குக் கையுயர்த்தியவர்கள் கஞ்சித்தொட்டியை நினைத்திருக்க மாட்டார்கள். ஆயினும் பொருத்தம் பொருத்தமே.

எழுத்தாளர் இருவரையும் இத்திகதி கொண்டு சென்றது. 1870இல் அலெக்சாந்தர் டூமாஸ், 1954இல் கல்கி. ஒருவர் பிரான்சின் அரசர்களையும் வாள்வீரர்களையும், மற்றவர் சோழரையும் பல்லவரையும், பத்திரிகைகளிலே தொடர்கதையாக உலவவிட்டனர். இலங்கைக் காட்சிகள் நிறைந்த 'பொன்னியின் செல்வன்' முடிந்த அதே ஆண்டிலேயே கல்கியும் முடிந்தார். இவர்களுக்கிடையே, 1950இல், புதுச்சேரியில் ஸ்ரீ அரவிந்தர் சமாதியடைந்தார். அவர் பிறந்தது 1872 ஆகஸ்டு 15. எழுபத்தைந்தாவது பிறந்தநாளன்று இந்தியா சுதந்திரம் பெற்றதை அவர் தற்செயலெனக் கொள்ளவில்லை. நாம் அவ்வளவு தூரம் செல்லத் துணியோம்.

இனி, நம்மை உண்மையாகவே நிறுத்திவைத்த நிகழ்ச்சி. 1955 டிசெம்பர் 5, திங்கட்கிழமை. அமெரிக்காவில் மொண்ட்கொமரி நகரத்துக் கறுப்பின மக்கள் பஸ் வண்டிகளில் ஏறாது நடந்தனர். நான்கு நாட்களுக்கு முன், வெள்ளையருக்கு ஆசனம் விட மறுத்த உரோசா பார்க்ஸ் என்ற மாது கைதாகியிருந்தார். அன்றிரவு தேவாலயத்திலே கூடிய மக்கள்முன் பேசிய மார்ட்டின் லூதர் கிங்கிற்கு வயது 26. நம்மினும் சில ஆண்டே மூத்தவர். நடை 381 நாட்கள் நீடித்தது, வென்றது. தென்னாபிரிக்காவில் அதே பகையோடு பொருதிய நெல்சன் மண்டேலா இறந்ததும் இத்திகதியிலேதான், 2013இல்.

மொண்ட்கொமரியை நாவலரின் பக்கத்தில் வைத்தால் நம் மனம் கூசுகிறது. நாவலர் சாதியாசாரத்தை விட்டுக்கொடாதவர். அவர் நூல்களைப் படித்தார் அறிவர். அமெரிக்காவின் பஸ் வண்டிகள் திறந்து பன்னிரண்டு ஆண்டு சென்றபின், 1968இலே, மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயில் வாசலில் உள்ளே செல்ல உரிமை கேட்டு நம் மக்கள் சத்தியாக்கிரகம் இருக்கவேண்டியிருந்தது. அவரை வணங்கும் சங்கத்தார் இதை மறைத்தால் அவருக்குப் பெருமை கூடிவிடாது. வசன நடையையும் கஞ்சித்தொட்டியையும் ஏற்போம், இதனை ஏலோம்.

கடைசியாக ஒரு டிசெம்பர் 5 உண்டு. நம் சங்கங்களின் நாட்குறிப்புகளில் அதை நாம் கண்டதில்லை. 1995ஆம் ஆண்டு அன்று, யாழ் நகரைக் கைப்பற்றிய அரசபடையினர் முன்னிலையில், பாதுகாப்புப் பிரதியமைச்சர் அநுருத்த இரத்வத்த தேசியக் கொடியை ஏற்றினார். கொடியைப் பார்க்க ஊரவர் இல்லை. ஒக்டோபர் 30ஆம் நாள் இரவு, கொட்டும் மழையில், வலிகாமத்து மக்கள் இலட்சக்கணக்கில் செம்மணி கடந்து நாவற்குழிப் பாலத்தால் தென்மராட்சிக்குப் பெயர்ந்திருந்தனர். நம் வீடுகளிற் பெரியவர்கள் அதை 'இடம்பெயர்வு' என்ற ஒரே சொல்லாற் சொல்லி நிறுத்திக்கொள்வார்கள். எந்த இடப்பெயர்வு என்று நாம் கேட்பதுமில்லை.

கொடியேறிய ஒரு கிழமையளவிற் கார்த்திகை மகம் வந்தது. நாவலர் பிறந்த நல்லூரும் அவர் பள்ளி வைத்த வண்ணார்பண்ணையும் வெறுமையாய்க் கிடந்தன. மக்கள் பெருந்தொகையாய் ஊர் திரும்பத் தொடங்கியது 1996 ஏப்ரலில்.