தலைப்பெழுத்தும் குடும்பப் பெயரும்: புதுவை ஊர்ப்புறப் பெயர் மரபு

வில்லியனூர், பாகூர் கொம்யூன்களின் ஊர்ப்புறங்களில் ஒருவரின் பெயருக்கு இரண்டு உறுப்புகள் உண்டு. முன்னால் தந்தை பெயரின் தலைப்பெழுத்து, அடுத்துச் சொந்தப் பெயர். தலைமுறைதோறும் மாறாமல் தொடரும் குடும்பப் பெயர் பெரும்பாலான வீடுகளில் இல்லை. பிரெஞ்சு ஆட்சிக்காலப் பதிவேடுகள் முதல் இன்றைய கடவுச்சீட்டு விண்ணப்பம் வரை இது ஒரு குறையாகவே நடத்தப்பட்டு வந்திருக்கிறது. தலைப்பெழுத்து முறை தன்னளவிலேயே நிறைவான வழிமரபு அடையாளம் என்பது இக்கட்டுரையின் வாதம்.

தந்தை பெயரை முன்னே வைப்பது பழைய வழக்கம். அது ஓரெழுத்தாகச் சுருங்கியது மட்டுமே பிற்காலத்தது. தஞ்சைப் பெரிய கோயிலில் ஸ்ரீகாரியம் என்னும் கோயில் நிர்வாகம் பார்த்த அதிகாரியைக் கல்வெட்டுகள் ‘பொய்கைநாடு கிழவன் ஆதித்தன் சூரியனான தென்னவன் மூவேந்தவேளான்’ என்கின்றன. பொய்கைநாடு கிழவன் என்பது நிலவுரிமை. ஆதித்தன் தந்தை, சூரியன் அவர். கடைசிப் பகுதி அரசன் அளித்த பட்டம். பாகூரில் கிடைத்த நிருபதுங்க பல்லவனின் 9ஆம் நூற்றாண்டுச் செப்பேடு, அவ்வூர் வித்தியாஸ்தானம் என்னும் கல்விநிலையத்துக்கு மூன்று ஊர்கள் கொடையளிக்கப்பட்டதைச் சொல்கிறது. அதிலும் பேரரையன் என முடியும் பட்டங்கள் வருகின்றன. பின்னாளில் பட்டத்தின் இடத்தை முதலியார், பிள்ளை, ரெட்டியார், படையாட்சி போன்ற சாதிப் பெயர்கள் பிடித்துக்கொண்டன. 1929இல் செங்கல்பட்டு சுயமரியாதை மாநாடு அவற்றைக் கைவிடச் சொன்னது. அவை மெல்ல உதிர்ந்தபின் எஞ்சியவை தந்தை பெயரும் தன் பெயரும்தான்.

சொந்தப் பெயர் ஊர்த் தெய்வத்திடமிருந்து வரும், அல்லது பாட்டனிடமிருந்து வரும். வில்லியனூரில் திருக்காமீசுவரர், கோகிலாம்பாள். பாகூரில் மூலநாதர், வேதாம்பிகை. கடலூர்ப் பக்கம் திருவகீந்திரபுரத்துத் தேவநாதப் பெருமாள். இந்த இரு வழிகளும் கவிஞர் வாணிதாசன் குடும்பத்தில் ஒன்றுசேர்கின்றன. அவர் 1915இல் வில்லியனூரில் பிறந்தவர். பாகூரை அடுத்த சேலியமேட்டுக்காரராக அறியப்பட்டவர். தந்தை அரங்க. திருக்காமு. அந்தப் பெயரில் ஊர்ச் சிவன் இருக்கிறார். கவிஞரின் இயற்பெயர் அரங்கசாமி என்கிற எத்திராசலு. தந்தையின் முன்னொட்டாக நின்ற ‘அரங்க’ மகனுக்குச் சொந்தப் பெயராகத் திரும்பியிருப்பதைப் பார்த்தால், பாட்டன் பெயர் பேரனுக்கு இடப்பட்டது என்று கொள்ளலாம்.

இந்தச் சுழற்சியில்தான் முறையின் நுட்பம் இருக்கிறது. இராமசாமியின் மகன் இரா. குப்புசாமி, அவர் மகன் கு. இராமசாமி, அடுத்தவர் மீண்டும் இரா. குப்புசாமி. இரண்டே பெயர்கள் மாறி மாறி நின்று ஒரு வீட்டின் தொடர்ச்சியைக் காக்கின்றன. ஊரில் உள்ளவர்களுக்கு எழுத்தையும் பெயரையும் கேட்டதும் வீடு தெரிந்துவிடும்.

இந்த முறையில் குறுக்கிட்டது பிரெஞ்சு அரசின் 1881 செப்டம்பர் 21ஆம் நாள் ஆணை. 21 வயது நிறைந்த இந்தியர் தம் சாதி, சமய வழக்கச் சட்டத்தைத் துறந்து பிரெஞ்சுக் குடிமைச் சட்டத்தின் கீழ் வரலாம் என்றது அது. துறந்தவர் தமக்கும் தம் சந்ததிக்கும் உரிய குடும்பப் பெயரை அந்த ஆவணத்திலேயே அறிவிக்கவேண்டும். பிறகு பின்வாங்க முடியாது. இவர்களே ரெனோன்சான்கள். இந்தத் துறப்பு இயக்கத்தின் முன்னோடியான வழக்கறிஞர் பொன்னுத்தம்பி, லாப்போர்த் என்ற பெயரை ஏற்றார். சிலர் பிரெஞ்சுப் பெயரையோ ஞானஸ்நானப் பெயரையோ எடுத்தனர். சிலர் இருந்த தமிழ்ப் பெயரையே குடும்பப் பெயராக நிறுத்திக்கொண்டனர். துறந்தவர்களில் கிறித்தவர்களும் ஒடுக்கப்பட்ட சாதியினரும் மிகுதி. சாதியைக் காட்டாத ஒரு பெயர் அவர்களுக்கு மெய்யான விடுதலை. அதை எந்த மரபுப் பற்றும் குறைத்துப் பேசக்கூடாது. பிரெஞ்சுப் படையில் வேலைபார்த்து ஓய்வூதியம் பெறும் சொல்தா குடும்பங்களிலும், புதுவை சட்டப்படி இந்தியாவோடு இணைந்த 1962க்குப் பின் பிரெஞ்சுக் குடியுரிமையைத் தேர்ந்த வீடுகளிலும் குடும்பப் பெயர் இன்றும் நிலைத்திருக்கிறது.

எழுத்துக்கூட்டல் தனிச் சிக்கல். பிரெஞ்சு எழுத்தர் உகரத்துக்கு இரண்டு உயிரெழுத்துகளை எழுதினார். சாமி என்பதன் சகர ஒலி திரிந்துவிடாதிருக்க அந்த எழுத்தை இரட்டித்தார். கடலூரில் ஆங்கில முறையில் எழுதப்பட்ட குப்புசாமியும் பாகூர்க் குப்புசாமியும் தாளில் வேறு வேறு ஆட்களாயினர். பழைய பிறப்புச் சான்றையும் இன்றைய ஆதார் அட்டையையும் பொருத்திக் காட்டப் பல குடும்பங்கள் இன்னும் அலைகின்றன.

குடும்பப் பெயரை அரசு கட்டாயமாக்குவது புதுவைக்கு மட்டும் நேர்ந்ததன்று. நெப்போலியன் 1808இல் யூதர்களுக்கும், ஜப்பான் 1875இலும், சயாம் 1913இலும், துருக்கி 1934இலும் இதைச் செய்தன. வரி, படைச்சேவை, வாரிசுரிமை ஆகியவற்றுக்கு மாறாத பெயர் அரசுக்கு வசதி. ஐஸ்லாந்தோ தந்தை அல்லது தாய் பெயரால் அறியப்படும் பழைய முறையை விடவில்லை. அங்குத் தொலைபேசி ஏடும் சொந்தப் பெயர் வரிசையிலேயே அமைந்தது.

தலைப்பெழுத்து முறையிலும் ஒரு பழுது உண்டு. திருமணமானதும் பெண்ணின் எழுத்து கணவனுடையதாக மாறுகிறது. பிறந்த வீட்டுத் தொடர்ச்சி அறுபடுகிறது. பிரெஞ்சுச் சட்டத்தில் பெண்ணின் பிறப்புப் பெயர் சட்டப்படி மாறுவதில்லை. இந்த ஒன்றில் அச்சட்டமே மேலானது. தாயின் எழுத்தையும் சேர்த்து எழுதும் இன்றைய வழக்கம் அப்பழுதை ஓரளவு ஈடுசெய்கிறது.

இப்போது கடவுச்சீட்டுக்காகத் தலைப்பெழுத்தை விரித்துக் குடும்பப் பெயர்க் கட்டத்தில் இடுகிறார்கள். இரா. குப்புசாமியின் குடும்பப் பெயர் இராமசாமி, அவர் மகளுடையது குப்புசாமி. அயல்நாட்டு விமான நிலையத்தில் தந்தையும் மகளும் வேறு குடும்பத்தாராகத் தெரிகிறார்கள். தந்தை பெயருக்கு அதே ஆவணத்தில் தனி இடம் இருக்கிறது. குடும்பப் பெயர் இல்லாதவரிடம் அதைக் கேட்காமல், தலைப்பெழுத்தைத் தலைப்பெழுத்தாகவே பதிவதுதான் முறை.