கல்கத்தாத் திரைப்படக் கழகம்

படக்கொட்டகையை விட்டு வெளியே வந்ததும் பாட்டு நன்று, சண்டை நன்று என்று இரண்டு சொல் கூறி வீடு திரும்புவதே பலரது வழக்கம். அவ்வாறன்றி, புலவர் நூல் ஆராய்வதுபோல் பார்த்த படத்தைக் கூடியிருந்து ஆராய்வோம் என்று கல்கத்தாவிற் சிலர் முன்வந்தனர். இந்தியா விடுதலை பெற்ற 1947ஆம் ஆண்டிலேயே அவர்கள் கல்கத்தாத் திரைப்படக் கழகத்தைத் தோற்றுவித்தனர். சத்யஜித் ராய், சிதானந்த தாஸ்குப்தா, பன்சி சந்திரகுப்தா ஆகியோர் அவர்களுள் குறிப்பிடத்தக்கவர். ராய் அந்நாளில் விளம்பர நிறுவனமொன்றில் ஓவியர்.

கழகம் முதலிற் காட்டிய படம், ஐசன்ஸ்டைன் 1925இல் எடுத்த 'போர்க்கப்பல் பொட்டெம்கின்' என்னும் உருசிய ஊமைப்படம். வசனமே கதை என்று பழகிய கண்களுக்கு, காட்சிகளை வெட்டி இணைக்கும் முறையே கதை சொல்ல வல்லது என்பதை விளக்க அதனினும் நல்ல பாடம் கிடைத்திராது.

உறுப்பினர் வீடுகளிலும் கூடிப் பேசினர். அதற்கும் இடையூறு வந்தது. படக்காரர் நுழைந்தால் வீட்டின் தூய்மை கெடும் என்றெண்ணிய வீட்டுக்காரர் ஒருவர் அவர்களை வெளியேறச் சொன்னதாக ராய் பிற்காலத்தில் எழுதினார். கூத்தாடி என்னும் ஏளனச் சொல்லை அறிந்த தமிழருக்கு இது புதுமையன்று.

ராய் தமக்கென ஒரு பயிற்சியும் வைத்திருந்தார். ஒரு கதை படமாகப் போகிறது என்று அறிவிப்பு வந்தால், அப்படம் வெளிவருமுன் தாமே அதற்குத் திரைக்கதை எழுதி வைப்பார். படம் வந்தபின் இரண்டையும் ஒப்பிட்டுப் பார்ப்பார். விடையைப் பார்க்குமுன் கணக்கைப் போட்டுப் பார்க்கும் மாணவன் செயல் இது. ஆசிரியர்கள் உற்றுநோக்கத் தக்கது. 1948இல் 'ஸ்டேட்ஸ்மன்' நாளிதழில் இந்தியப் படங்களின் குறைகளை எடுத்துக்காட்டிக் கட்டுரை எழுதினார். மறு ஆண்டு பிரெஞ்சு இயக்குநர் ழான் ரெனுவார் 'நதி' படத்துக்கு இடம் தேடி வந்தபோது, அவருடன் ஊர்ப்புறங்களைச் சுற்றினார்.

ஆயினும் பேச்சு மட்டும் படமாகிவிடாது. 1952க்குப்பின் கழகம் தளர்ந்தது. 1956இல்தான் மீண்டும் உயிர்பெற்றது. பேசியவர்கள் ஓய்ந்திருந்த அந்த இடைவெளியிலேயே, 1955இல், ராயின் 'பதேர் பாஞ்சாலி' வெளிவந்தது. கழகமே ராயை உருவாக்கிற்று என்போர் இதை மறக்கின்றனர். கழகத்தால் பயனொன்றுமில்லை என்போரோ, அப்படத்தின் கலை இயக்குநர் பன்சி சந்திரகுப்தாவும் அதே கூட்டத்தில் இருந்து பேசியவர் என்பதை மறக்கின்றனர்.

1959இல் கல்கத்தா, டில்லி, பம்பாய், சென்னை, பாட்னா, ரூர்க்கி ஆகிய நகரங்களின் கழகங்கள் ஒன்றுகூடி இந்தியத் திரைப்படக் கழகங்களின் கூட்டமைப்பை நிறுவின. ஒரு காலத்தில் வீட்டைவிட்டு வெளியேறச் சொல்லப்பட்ட ராயே அதன் முதல் தலைவரானார்.