ஃபைல் ஏன் நகரவில்லை என்று கேட்கும் அதிகாரம்

எங்கள் ஊர்க்காரர் ஒருவர் பெங்களூரில் இருக்கிறார். நாங்கள் அக்கா என்றுதான் கூப்பிடுவோம். போன மாதம் வீட்டுக்கு வந்திருந்தார். மகனுக்கு ஜீவனாம்சம் கேட்டு அவர் வழக்குப் போட்டபோது பையன் யு.கே.ஜி. இப்போது ஐந்தாம் வகுப்பு!

"கேஸ் என்னக்கா ஆச்சு?"

"வாய்தா தம்பி. தோத்திருந்தாக்கூட அப்பீல் போயிருப்பேன். ஒண்ணுமே சொல்லாம வச்சிருந்தா எங்க போறது?"

(எந்தக் கோர்ட் என்பது இங்கே வேண்டாம்.) அந்தக் கேள்வி என்னை விடவில்லை. நானோ பி.காம். படித்த பேங்க் ஆசாமி. வக்கீல் நண்பர் ஒருவரைத் தொந்தரவு செய்து தெரிந்துகொண்டதை எழுதுகிறேன்.

சட்டத்தில் வேகத்துக்குக் குறைவில்லை. இடைக்கால ஜீவனாம்ச மனுவை, நோட்டீஸ் சேர்ந்த 60 நாட்களுக்குள் கூடுமானவரை முடிக்க வேண்டும் என்று 2001-ல் திருத்தம் வந்தது. விவாகரத்து போன்ற வழக்குகளை ஆறு மாதத்தில் முடிக்க முயல வேண்டும் என்று இந்து திருமணச் சட்டம் 1976-லிருந்தே சொல்கிறது. குடும்பநல நீதிமன்றங்களுக்கென்றே 1984-ல் தனிச் சட்டமும் வந்தது. ஆனால் அப்பீலோ சீராய்வோ, எதற்குப் போனாலும் கையில் ஓர் உத்தரவு வேண்டும். தாமதம் என்பது உத்தரவே இல்லாத நிலை. அக்கா மாட்டிக்கொண்ட இடம் அதுதான்.

இந்த ஓட்டையை அடைப்பது அரசியல் சட்டத்தின் 227-ஆம் பிரிவு. தன் எல்லைக்குள் இருக்கும் எல்லா நீதிமன்றங்கள் மீதும் உயர் நீதிமன்றத்துக்கு மேற்பார்வை அதிகாரம் உண்டு என்கிறது அது. படித்ததும் எனக்குச் சிரிப்பு வந்தது. ரிட்டர்ன் கேட்கலாம், படிவம் வகுக்கலாம், பேரேடுகள் எப்படி வைக்க வேண்டும் என்று சொல்லலாம்... அசல் எங்கள் இன்ஸ்பெக்ஷன் டிபார்ட்மெண்ட் :-)

இதன் வேர் 1861-ஆம் ஆண்டு உயர் நீதிமன்றச் சட்டத்தில் இருக்கிறது. அந்தச் சட்டப்படி 1862-ல் தொடங்கிய சென்னை உயர் நீதிமன்றத்துக்கு அன்றே இந்த அதிகாரம் உண்டு. மைசூர் சமஸ்தானத்தின் கதை வேறு. இங்கே 1884-ல்தான் சீஃப் கோர்ட் வந்தது. விதான சௌதாவுக்கு எதிரே சிவப்பாக நிற்கும் அட்டாரா கச்சேரியில்தான் இன்றும் கர்நாடக உயர் நீதிமன்றம் இருக்கிறது.

இந்த அதிகாரம் தேய்ந்து தேய்ந்து வளர்ந்தது. 1935-ஆம் ஆண்டுச் சட்டம், நிர்வாகத்தைப் பார், தீர்ப்பில் கை வைக்காதே என்று வெட்டியது. 1950-ல் அரசியல் சட்டம் அந்தத் தடையை எடுத்தது. 1954-ல் உச்ச நீதிமன்றம், மேற்பார்வை நீதி சார்ந்ததும்தான், ஆனால் கீழ்க்கோர்ட்டை அதன் எல்லைக்குள் நிறுத்தத்தான், சாதாரணத் தவறுகளைத் திருத்த அல்ல என்றது. எமர்ஜென்சியில், 1976-ல், 42-ஆவது திருத்தம் மறுபடி வெட்டியது. 1978-ல் 44-ஆவது திருத்தம் திருப்பிக் கொடுத்தது.

அக்கா மாதிரியானவர்களுக்கு இதனால் என்ன பயன்? 2023 ஜூலையில் கர்நாடக உயர் நீதிமன்றத்தில் நீதிபதி கிருஷ்ணா எஸ். தீக்ஷித், 2016-லிருந்து பெங்களூரில் நிலுவையில் கிடந்த ஒரு திருமண வழக்கை மூன்று மாதத்தில் முடிக்கச் சொன்னார். இப்படிப்பட்ட வழக்குகளை ஓராண்டுக்குள் முடிக்கப் பார்க்க வேண்டும் என்றும் சொன்னார். தீர்ப்பு என்னவாக இருக்க வேண்டும் என்று சொல்லவில்லை. அதைக் கவனியுங்கள். இன்ஸ்பெக்ஷனுக்கு வருபவர் லோன் சாங்ஷன் செய்ய மாட்டார். ஃபைல் ஏன் மேஜையிலேயே இருக்கிறது என்றுதான் கேட்பார்.

உடனே எல்லோரும் ஹைகோர்ட்டுக்கு ஓடலாமா? 2024 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு கடிவாளம் போட்டது. அசாதாரண நிலை தவிர, வேறு கோர்ட்டில் இருக்கும் வழக்குக்குக் கெடு விதிக்கக் கூடாது. எதை முதலில் எடுப்பது என்பது அந்தந்த நீதிமன்றத்துக்குத்தான் தெரியும் என்றது. எனக்கு இது நியாயமாகவே படுகிறது. கவுண்டரில் டோக்கன் வாங்கி நிற்பவர்களில், மேனேஜரைத் தெரிந்தவர் முன்னால் போனால் மற்றவர் வயிறு எரியாதா? ஹைகோர்ட் வரை போக வசதியில்லாத பெண்கள்தானே வரிசையில் அதிகம்?

அதனால் எனக்குத் தோன்றுவது: ஒரு வழக்கை முன்னால் தள்ளுவது அவசரத்துக்கு மருந்து. வரிசை முழுவதையும் பார்த்து ரிட்டர்ன் கேட்பதுதான் 1861-லிருந்து இந்த அதிகாரத்தின் அன்றாட வேலை. அது ஒழுங்காக நடந்தால் அக்காவுக்கு மனுவே தேவைப்படாது.

ஒரு ஆறுதலும் உண்டு. ஜீவனாம்சத்தை மனு போட்ட நாளிலிருந்தே கணக்கிட வேண்டும் என்று 2020 நவம்பரில் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது. ஆகவே உத்தரவு வரும்போது, யு.கே.ஜி. காலத்திலிருந்தே அரியர்ஸ் கேட்கலாம்.

இதைச் சொன்னதும் அக்கா, "காசு பின்னாடி வரும் தம்பி. ஸ்கூல் பீஸ் இந்த மாசம்ல கட்டணும்?" என்றார். என்னிடம் பதில் இல்லை. அடுத்த வாய்தா தேதிகளையெல்லாம் எழுதிக்கொண்டு, சனிக்கிழமை அவரை வக்கீல் நண்பரிடம் கூட்டிப் போகிறேன்.